ஆகஸ்ட் மாதப் பை

அன்று யாரும் அவர் கையில் ஊசி குத்தவில்லை. விநாயகமூர்த்தி வழக்கம்போலச் சட்டைக் கையை முழங்கைக்கு மேல் சுருட்டிக்கொண்டு கட்டிலில் படுத்திருந்தார். மின்சாரம் போயிருந்ததால் மின்விசிறி நின்றிருந்தது. பக்கத்து நாற்காலியில் மதீனா பீவி மடியில் சாப்பாட்டு அடுக்கோடு உட்கார்ந்திருந்தாள். அவர் ரத்தம் கொடுக்கும் நாளில் ஆட்டு ஈரல் வறுவலும் சோறும் கொண்டுவருவாள். கடைசிக் கவளம் உள்ளே போகும்வரை எழுந்து போகமாட்டாள்.

நர்ஸ் வந்தாள். கையில் ஊசி இல்லை. "ஸயாமா கூப்பிடுறாங்க. ரெண்டு பேரும் வாங்க" என்று பர்மியில் சொல்லிவிட்டுப் போனாள்.

ஸயாமா என்று எல்லோரும் அழைக்கும் டாக்டர் டோ நியோ நியோ வின்னின் அறை, ஆஸ்பத்திரியின் பின்பக்கம் குளிர்பெட்டிக்கு அடுத்து இருந்தது. அந்தப் பெட்டியில் விநாயகமூர்த்தியின் பிளாஸ்மா ஒரு பை எப்போதும் உறைந்து கிடக்கும். இந்த மாதம் கொடுப்பது உள்ளே போகும். போன மாதம் கொடுத்தது வெளியே வந்து மதீனா பீவியின் மகன் அஷ்ஃபாக்கின் உடம்பில் ஏறும். ஆறு வருடமாக இப்படித்தான் நடந்துவந்தது.

ஸயாமா சுற்றி வளைக்கவில்லை.

"புதுசா ஒரு சோதனை வந்திருக்கு. சி வகைக் காமாலை. இத்தனை நாள் அதைப் பார்க்க நம்மகிட்ட வழி இல்ல. போன தடவை உங்ககிட்ட எடுத்ததுல பார்த்தோம். இருக்கு."

விநாயகமூர்த்தி சுருட்டிய கையை இறக்கிவிட்டுக்கொண்டார். அவருக்கு முதலில் தோன்றியது, இன்று படுக்கவேண்டியதில்லை என்பதுதான். அதற்குப் பிறகுதான் பையன் நினைவுக்கு வந்தான். எண்ணங்கள் வந்த அந்த வரிசைக்காக அவர் பின்னால் பல நாள் கூச்சப்பட்டார்.

"என் பிள்ளைக்கு?" என்றாள் மதீனா பீவி.

ஸயாமா மேசைமேல் இருந்த பேனாவை நேராக வைத்தார்.

அஷ்ஃபாக்கைப் பற்றி அவர் முதன்முதலில் விளக்கியபோது இதே மேசைதான். அப்போது பையனுக்கு மூன்று வயது. காதில் சீழ், நெஞ்சில் சளி, மறுபடி காது, மறுபடி நெஞ்சு என்று வளர்ந்த பிள்ளை. ரத்தம் ஏற்றவேண்டி வந்து வகை பார்த்தார்கள். ஓ வகை. ஓ வகைக்காரர்களின் ரத்தத் தண்ணீரில் ஏ வகையையும் பி வகையையும் எதிர்க்கும் பொருள் தானாகவே இருக்க வேண்டும்; யாரும் தடுப்பூசி போட்டுச் சொல்லித்தர வேண்டியதில்லை. இந்தப் பையனின் தண்ணீரில் எதுவுமே இல்லை. அங்கேதான் ஸயாமாவுக்குச் சந்தேகம் தட்டியது.

எலும்புக்குள் பிறக்கும் பி செல் என்ற அணுவைப் பற்றி ரங்கூன் பசுந்தாங் பேட்டை வாசிகளுக்குப் புரிகிற மாதிரி சொன்னார். அதில் இரண்டு ரகம். ஒன்று வார்டுக் காவல்காரன் மாதிரி. முகம் தெரியாத யார் தெருவுக்குள் வந்தாலும் தகரத்தைத் தட்டுவான். பெரிய பலசாலி இல்லை, ஆனால் முதலில் எழுந்து நிற்பவன் அவன்தான். மற்றது கடைக்காரன் மாதிரி. முதல் தடவை ஏமாறுவான்; ஏமாற்றியவன் முகத்தைச் சாகும்வரை மறக்கமாட்டான், மறுபடி வந்தால் கழுத்தைப் பிடிப்பான். அஷ்ஃபாக்கின் உடம்பில் காவல்காரனும் இல்லை, கடைக்காரனும் இல்லை. பி செல் முளைக்கும்போதே நின்றுவிடுகிறது. போட்ட தடுப்பூசியெல்லாம் சுவரில் வீசிய பட்டாணி.

அதற்கு மருந்து வெளிநாட்டில் பாட்டிலில் வந்தது. மதீனா பீவியின் கணவர் சுலைமான் பாயின் பிளாஸ்டிக் சாமான் கடையை விற்றால் ஒரு வருடத்துக்குத் தாங்கும். ஆகையால் பிளாஸ்மா. வேறொருவரின் உடம்பு கற்றுவைத்ததை மாதாமாதம் கடன் வாங்குவது. பல பேரிடம் வாங்கினால் பல பேர் நோயும் வரும், ஒரே ஆள்தான் வேண்டும், தவறாமல் வருகிற ஆள் வேண்டும் என்றார் ஸயாமா. சுலைமானுக்கு வாலிபத்தில் காமாலை வந்திருந்தது. மதீனா பீவிக்கு உடம்பில் ரத்தமே போதாது. கீழ்மாடியில் குடியிருந்த தண்ணீர் மோட்டார் மெக்கானிக் விநாயகமூர்த்திக்கு அம்மை வந்திருந்தது, மணல்வாரி வந்திருந்தது, தாளம்மை வந்திருந்தது. "இவர் பெரிய கடை" என்று ஸயாமா சிரித்தார்.

இன்று அவர் சிரிக்கவில்லை.

"பையனையும் சோதிச்சுப் பாருங்களேன், ஸயாமா" என்றார் விநாயகமூர்த்தி.

"இந்தச் சோதனை கிருமியைப் பார்க்காது. கிருமிக்கு உடம்பு என்ன பதில் சொல்லியிருக்குன்னு பார்க்கும். அவன் உடம்பு பதிலே சொல்லாதே! அவன் ரத்தத்துல ஏதாவது தெரிஞ்சாலும் அது நீங்கதான், அவன் இல்ல. ஒண்ணும் தெரியலன்னாலும் அவனுக்கு நோய் இல்லன்னு அர்த்தம் இல்ல." பிறகு ஒரு தாளை எடுக்காமலே, மனப்பாடமாகக் கேட்டார்: "ஆபரேஷன் எதுவும்?"

"இல்ல."

"பச்சை குத்தினது? பல் பிடுங்கினது?"

"இல்ல."

"வெளியில ஊசி எதுவும் போட்டுக்கிட்டீங்களா?"

மதீனா பீவி அவர் பக்கத்தில் இருந்தாள்; பேச்சு அவள் காதில் விழுகிறதா என்றே தெரியவில்லை. சாப்பாட்டு அடுக்கு இன்னும் அவள் மடியில் இருந்தது.

"இல்ல" என்றார்.

ஸயாமா நாற்காலியில் சாய்ந்தார். "அப்போ சின்ன வயசுலயே வந்திருக்கும். பல வருஷம் தெரியாம இருக்கும். அப்படின்னா..." என்று நிறுத்தினார். நிறுத்தியதே போதும். அப்படியானால் முதல் பையிலிருந்தே. ஆறு வருடமும். "பாங்காக்ல கிருமியையே பார்க்கிற சோதனை இருக்கு. ஆனா அதுக்கு ஆகிற காசை நான் வீண் பண்ணச் சொல்லமாட்டேன், மதீனாம்மா. இத்தனை பை போயிருந்தா, சந்தேகப்படவே இடமில்ல. வேற ஆள் தேடுங்க. அதுதான் அவசரம். பெட்டில இருக்கிற பையை நான் எறிஞ்சுடறேன்."

பசுந்தாங் சந்தை முனையில் பஸ்ஸிலிருந்து இறங்கியதும் மதீனா பீவி அடுக்கை அவர் கையில் கொடுத்தாள்.

"சாப்பிடுங்க அண்ணே. ஆக்கினது வீணாப் போகும்."

வீட்டில் வேலம்மா அடுக்கைத் திறந்து பார்த்துவிட்டு மூடினாள். "குடுக்காமலே கூலியா?"

அவர் நடந்ததைச் சொன்னார். மனைவி கேட்டுக்கொண்டே அரிசி களைந்தாள். இந்த ஆறு வருடமும் அவளுக்குப் பிடிக்காத ஆறு வருடம். "உங்க சத்தெல்லாம் மேல் மாடில ஓடுது, மூட்டு வலி மட்டும் இங்க தங்குது" என்பது அவள் மாதாந்தரப் பாட்டு. ஆனால் அஷ்ஃபாக்குக்குச் சளி என்று கேள்விப்பட்டால் கற்பூரவல்லி இலையைக் கிள்ளிக்கொண்டு மேலே ஓடுவதும் அவள்தான்.

"ஊசி போட்டுக்கிட்டதைச் சொன்னீங்களா?"

"இல்ல."

வேலம்மா கையை நிறுத்தினாள்.

அந்த வருட மழைக்காலத்தின் நடுவில், ஜூலை முடியும் சமயம், நாலாம் மாடிக்கு மோட்டாரைச் சுமந்துகொண்டு ஏறும்போது அவர் மாடிப்படியில் மயங்கி விழுந்தார். சத்தம் கேட்டு முதலில் ஓடிவந்தவள் மதீனா பீவி. மறுநாளே சந்தைக்குப் பின்னால் இருக்கும் ஊசிக்காரர் கோ டின் மவுங்கிடம் அவரை அழைத்துப்போனாள். ரங்கூனில் சோர்வு என்றால் சத்து ஊசி. பரீட்சை எழுதப்போகும் பிள்ளை முதல் பிரசவம் ஆன பெண் வரை எல்லோரும் போட்டுக்கொள்வார்கள். சிவப்பு நிறத்தில் வைட்டமின் மருந்து. ஏறும்போதே நாக்கில் ருசி தெரியும். வாராவாரம் மதீனா பீவியே கூட வந்து நிற்பாள். "என் பிள்ளைக்கு ஊட்டுற பசுவுக்கு நான் புல்லு போடவேணாமா?" என்று ஊசிக்காரரிடம் பர்மியில் சொல்லிச் சிரித்தாள். ஊசிக்காரரும் சிரித்துக்கொண்டே, முன்னால் போட்டுக்கொண்ட கிழவரின் கையிலிருந்து எடுத்த ஊசியைக் கொதிக்காத வெந்நீர்க் கிண்ணத்தில் முக்கி எடுத்தார்.

"நான் அன்னைக்கே சொன்னேன். அந்த ஆளு ஊசியைத் தேத்தண்ணி கிளாஸ் மாதிரி கழுவுறான்னு" என்றாள் வேலம்மா.

"சொன்னா, அந்தப் பொண்ணு மனசு என்ன ஆகும்? அவ ஆசையாக் கூட்டிட்டுப் போனது."

"இப்ப மட்டும் என்ன ஆகியிருக்காம்?"

ஈரல் வறுவல் ஆறிப்போயிருந்தது, சாப்பிட்டார். அந்த வாரம் முழுவதும் அவருக்குத் தூக்கம் வந்தது, படுத்தால் வரவில்லை.

மதீனா பீவி வேறு ஆள் தேடவில்லை.

இதை அவர் சுலைமான் பாய் வாயிலாகத் தெரிந்துகொண்டார். கடை வாசலில் வாளிகளை அடுக்கிக்கொண்டிருந்த பாய், அவரைப் பார்த்ததும் ஸ்டூலை இழுத்துப் போட்டார். மனிதர் முகம் சுருங்கியிருந்தது.

"யார் ரத்தமும் வேணாம்கிறா மூர்த்தி. ஆறு வருஷமா நானே என் கையால விஷம் ஏத்தியிருக்கேன், இனிமே அல்லா விட்டபடி ஆகட்டும்கிறா. காலேஜ் பசங்க ரெண்டு பேரு பொறந்தநாளுக்குத் தானம் பண்ணப் போறோம், உங்க புள்ளைக்கே குடுக்கிறோம்னு வந்தாங்க. கதவைச் சாத்திட்டா. பெரிய பொண்ணு ஸமீரா, நான் தர்றேன் உம்மான்னு அழுவுது. வயசுக்கு வந்த பொண்ணு கையில ஊசி குத்துறதா, நாளைக்கு எவன் கட்டுவான்னு அதையும் அடக்கிட்டா."

"பையன் எப்படி இருக்கான்?"

"நேத்திலேந்து இருமுறான்."

பாய் வாளியைக் கையில் வைத்துக்கொண்டே நின்றார். அவருடைய கோபம் யார்மேல் என்று அவருக்கே தெரியாத மாதிரி இருந்தது. "உங்கமேல குத்தம் இல்ல மூர்த்தி. நான் சொல்லிட்டேன். அவளும் உங்களை ஒரு வார்த்தை சொல்லல."

சொல்லியிருந்தால் நன்றாக இருக்கும் என்று விநாயகமூர்த்திக்குத் தோன்றியது. அவர் கடையிலிருந்து நேரே கட்டடத்துக்கு வந்தார். தன் வீட்டு வாசலில் நிற்காமல் மேலே ஏறினார். இரண்டு படிக்கு ஒரு தடவை மூச்சு வாங்கியது.

அஷ்ஃபாக் தரையில் பாய்மேல் படுத்து, தக்காளிப் பெட்டியின் பலகையில் பந்து உருட்டிக்கொண்டிருந்தான். "மாமா, உங்களுக்கு பாங் தெரியுமா? பந்து தட்டுற வீடியோ கேம். நான் செஞ்சேன்" என்று பர்மியும் தமிழுமாகச் சொன்னான். பலகையில் ஆணி அடித்து, ரப்பர் கட்டி வைத்திருந்தான். சொல்லி முடிப்பதற்குள் இருமல் வந்துவிட்டது. நீளமான, ஈரமான இருமல்.

மதீனா பீவி அடுக்களையிலிருந்து வந்து நின்றாள்.

"தங்கச்சி, நான் ஸயாமாகிட்ட பொய் சொன்னேன்" என்றார் விநாயகமூர்த்தி. "ஊசி போட்டுக்கிட்டேன்னு சொல்லல."

அவளுக்கு உடனே புரியவில்லை. புரிய ஆரம்பித்தது முகத்தில் தெரிந்தது. அவர் நிறுத்தினால் மறுபடி தொடங்க முடியாது என்பதால் ஒரே மூச்சில் சொன்னார்: கோ டின் மவுங் ஊசியைக் கழுவும் விதம், முன்னால் உட்கார்ந்திருந்த கிழவர், அதற்கு முன்னால் ஒரு நாள்கூட வெளியில் ஊசி போட்டுக்கொண்டதில்லை என்பது. "அதுலதான் வந்திருந்தா, அந்த ஊசிக்கு முன்னாடி குடுத்த பை ஒண்ணுலயும் இருக்காது. செப்டம்பர்ப் பையை ஸயாமா எறிஞ்சுட்டாங்க. அவன் உடம்புல ஏறினதுல ஆகஸ்ட் பை ஒண்ணுதான் சந்தேகம். ஒரே பை. பாங்காக்குக்கு அனுப்பிப் பார்க்கலாம்."

"நான்தானே கூட்டிட்டுப் போனேன்" என்றாள் மதீனா பீவி.

"ஆமா. நல்லதுக்குத்தான் கூட்டிட்டுப் போனே."

"ஏன் அன்னைக்குச் சொல்லல?"

"உனக்காகத்தான்."

"எனக்காகவா?" அவள் குரல் உயரவில்லை, அதுதான் தாங்கமுடியாமல் இருந்தது. "எனக்காக வாயை மூடிக்கிட்டீங்க. இவனுக்காகத் திறந்திருக்கக் கூடாதா? எட்டு நாளா என் புள்ளை முகத்தைப் பார்க்கவே பயந்துகிட்டிருக்கேன் அண்ணே. மாசாமாசம் நானே பக்கத்துல உட்கார்ந்து, சொட்டு சொட்டா எறங்குறதைப் பார்த்து, அல்ஹம்துலில்லாஹ் சொன்னேனே, அத்தனையும் பொய்யான்னு..."

பையன் பந்து உருட்டுவதை நிறுத்திவிட்டு இருவரையும் பார்த்தான். அவள் முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"தம்பி, போ, சட்டை மாத்து. ஸயாமாகிட்ட போறோம்."

"சொட்டு எறங்குறதுக்கா?"

"ரத்தம் குடுக்க. நீ குடுக்கணும் இன்னைக்கு."

"நான் குடுக்குறதா!" அவனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "யாருக்கு?"

ஸயாமா கோபப்பட்டார். கோபம் சிறிது நேரம்தான் இருந்தது. அன்று அவருக்கு வெளியே காத்திருந்த கூட்டம் பெரிது. பொய்யால் ஒரு வாரம் போயிற்று என்றார். பிறகு விநாயகமூர்த்தியைப் பார்த்து, "இந்த ஊர்ல ஊசி போட்டுக்கலன்னு சொன்ன ஒரே ஆள் நீங்க. நான் நம்பினது என் தப்பு" என்றார். அஷ்ஃபாக்கின் நெஞ்சில் குழாயை வைத்துக் கேட்டு, மாத்திரையை மாற்றி எழுதினார். ரத்தம் எடுத்து, தெளிந்த தண்ணீரைக் குழாய்களில் பிரித்துவைக்கச் சொன்னார்.

மதீனா பீவியின் சின்னம்மா மகன் காஜா மைதீன் துணி வாங்க அடிக்கடி பாங்காக் போகிறவன். மறுநாள் மிங்கலாடோனில் விமானம் ஏறும் முன் அவனிடம் ஐஸ் நிரப்பிய தெர்மாஸ் குடுவை ஒன்றைக் கொடுத்தார்கள். அவன் அதைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "அக்கா, சுங்கக்காரன் தொறந்து குடிச்சுத் தொலைச்சான்னா?" என்றான். யாரும் சிரிக்கவில்லை. அவன் குடுவையைத் துண்டில் சுற்றி மார்போடு அணைத்துக்கொண்டு உள்ளே போனான்.

திரும்பும் பஸ்ஸில் நிற்க இடமில்லை. மிங்கலாடோனிலிருந்து பசுந்தாங் வரை விநாயகமூர்த்தி கம்பியைப் பிடித்துக்கொண்டு தொங்கினார். சுலைமான் பாய் ஒரே ஒரு தடவை வாய் திறந்தார். "உங்களுக்கும் ஒரு குழாய் அனுப்பியிருக்கலாம் மூர்த்தி. உங்க உடம்புல கிருமி இன்னும் இருக்கா, போயிடுச்சான்னு தெரியுமில்ல?"

"எனக்கு எதுக்கு? காசு ரெண்டு மடங்காகும்."

பாய் வற்புறுத்தவில்லை. அதில் இருவருக்குமே ஒரு நிம்மதி இருந்தது.

காத்திருந்த நாட்களில் வேலம்மா கற்பூரவல்லிக் கஷாயத்தை மேலே கொண்டுபோனாள். சில நாள் அங்கேயே உட்கார்ந்துவிட்டு வந்தாள். கோ டின் மவுங்கைப் பற்றி மதீனா பீவி சந்தையில் சொல்லிவிட்டாள் என்றாள். அவர் இப்போது புது ஊசிகளை உறையோடு காட்டி வைக்கிறாராம். கூட்டம் முன்னைவிட அதிகமாம். அஷ்ஃபாக்கின் இருமல் கூடவுமில்லை, விடவுமில்லை.

விநாயகமூர்த்தி ஆற்றுக்கு அக்கரையில் டாலாவில் ஒரு அரிசி மில்லுக்கு மோட்டார் கட்டும் வேலையை ஒப்புக்கொண்டார். படகில் போய்ப் படகில் வரலாம். கட்டடத்தில் இருக்கும் நேரம் குறையும். படகில் ஜனங்கள் கோழியும் கீரைக்கட்டுமாக ஏறி இறங்கினார்கள். ஏதாவது ஒரு நாள் மாலையில் பசுந்தாங் படிக்கட்டில் என்ன செய்தி காத்திருக்கும் என்பதைத் தவிர அவரால் வேறு எதையும் முழுதாக நினைக்க முடியவில்லை. நல்ல செய்தி வந்தால் என்ன செய்வது என்று ஒரு முறைகூட அவர் யோசிக்கவில்லை.

செய்தியை மதீனா பீவியே கொண்டுவந்தாள். ஞாயிற்றுக்கிழமை மதியம். அவர் பாயில் படுத்திருந்தார். வேலம்மா கதவைத் திறந்தாள்.

"காஜா கடைக்குப் போன் பண்ணினான்" என்றாள் வாசலிலேயே நின்று. "இல்லையாம்."

"என்ன இல்ல?" என்றாள் வேலம்மா.

"கிருமி. என் புள்ளைக்கு இல்ல. ஸயாமாகிட்டயும் சொல்லிட்டோம். ஆகஸ்ட் பை நல்ல பைதானாம்."

விநாயகமூர்த்தி எழுந்து உட்கார்ந்தார். "நல்லது" என்றார். மறுபடி, "நல்லதாப் போச்சு" என்றார்.

மதீனா பீவி உள்ளே வந்து சுவரோரம் உட்கார்ந்தாள். ஏதோ பெரிய சுமையை இறக்கியவள்போல இல்லை. இறக்க இடம் தேடி அலைந்து களைத்தவள்போல இருந்தாள். "காலைல ஸமீரா குடுத்துட்டா" என்றாள். "நான்தான் கூட்டிட்டுப் போனேன். சோதிச்சுப் பார்த்துத்தான் எடுத்தாங்க. எவன் கட்டாம போறானோ போகட்டும்."

"மயக்கம் வந்துச்சா?"

"வரல. உங்களை மாதிரியா? எழுந்து நேரா மொஹிங்கா திங்கக் கடைக்குப் போயிட்டா." அவள் முதல் தடவையாகச் சற்றுச் சிரித்தாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள். "அவளுக்கு அம்மை வந்ததில்ல அண்ணே. தாளம்மையும் வந்ததில்ல. ஸயாமா கேட்டாங்க. தடுப்பூசி போட்டதோடு சரி. உங்களை மாதிரி பெரிய கடை இல்லைன்னாங்க."

"கடையைக் கட்டியாச்சு" என்றார் விநாயகமூர்த்தி.

"இன்னும் கொஞ்ச நாளைக்கு அவன் உடம்புல இருக்குமாம், நீங்க குடுத்தது. பாதி கரையும், அப்புறம் அதுல பாதி. அதுவரைக்கும் அம்மைக்கு அதுதான் காவலாம்." அவள் எழுந்தாள். கதவருகே திரும்பி நின்றாள். "உங்களுக்கும் பார்க்கணும் அண்ணே. நான் பாய்கிட்ட சொல்லியிருக்கேன்."

அவர் தலையை ஆட்டினார். அவள் படியேறும் சத்தம் கேட்டது. மேலே கதவு திறந்தது. பையன் ஏதோ கேட்டான்.

வேலம்மாவுக்கு அதன் பிறகுதான் பேச்சு வந்தது. பாங்காக்குக்கு அனுப்ப என்ன ஆகும், மருந்து எங்கே கிடைக்கும், மோட்டாரை இனி யாரைத் தூக்கவைப்பது, இத்தனை பேருக்கு இத்தனை நாள் பார்த்தாயிற்றே, இனியாவது தன் உடம்பைத் தான் பார்க்கக்கூடாதா என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கேட்டுக்கொண்டே போனாள். நடுவில் ஒரு கேள்விக்குப் பதிலை எதிர்பார்த்து நிறுத்தினாள்.

விநாயகமூர்த்தி சுவர்ப்பக்கம் திரும்பித் தூங்கிப்போயிருந்தார்.